குடிவந்தோர் தொகுதியின் அங்கத்தினர்

பெங்களூரில் வாழும் தமிழன்பர் ஒருவரை, "உங்கள் சட்டசபை அங்கத்தினர் யார்?" என்று கேட்டுப் பாருங்கள். ஆம்பூர் அங்கத்தினர் பெயரையோ, திருப்பத்தூர் அங்கத்தினர் பெயரையோ, தர்மபுரி அங்கத்தினர் பெயரையோ அவர் தயங்காமல் சொல்லிவிடுவார். தாம் இருபது ஆண்டுகளாக வாடகை கொடுத்துக் குடியிருக்கும் தெரு எந்தத் தொகுதியைச் சேர்ந்தது என்று கேட்டாலோ சற்றே யோசிப்பார். பிறந்த ஊரின் மீதுள்ள பற்றை நாம் குறை கூறவில்லை. ஆயினும், ஐப்பசி மழையில் ராஜகால்வாய் உடைத்துக்கொண்டு வெள்ளம் நடுக்கூடத்திற்கு வரும் இரவில், ஆம்பூர் அங்கத்தினரால் நமக்கு ஆகக்கூடியது யாதொன்றும் இல்லை.

ஆதலின் இம்மாதம் ரிச்சர்ட்ஸ் டவுன் வட்டாரத்தை எடுத்துக்கொண்டு, அதன் சட்டசபை அரசியலில் நெடுங்காலம் நிலைத்து நிற்கும் ஒருவரின் பொதுவாழ்வை அன்பர்களுக்கு அறிமுகம் செய்ய விரும்புகிறோம். அவர் திரு. கே. ஜே. ஜார்ஜ் அவர்கள். கட்சிகளுள் எதற்கும் வோட்டுக் கேட்பது நம் நோக்கமன்று. நகரத் தொகுதியின் அங்கத்தினர் என்பவர் எத்தகைய மனிதர், அவரால் ஆவது எது, ஆகாதது எது என்பதை ஓர் உண்மை வரலாற்றைக் கொண்டு அறிந்துகொள்ளலாம் என்பதே நம் கருத்து.

முதலில் வட்டாரத்தைப் பற்றிச் சில சொற்கள். அகன்ற சாலைகளும், ஓடு வேய்ந்த பழைய பங்களாக்களும், நடுவே ஒரு பூங்காவும் உடைய ரிச்சர்ட்ஸ் டவுன், எப். ஜே. ரிச்சர்ட்ஸ் என்ற ஐ.சி.எஸ். அதிகாரியின் பெயரைத் தாங்கியது. கண்டோன்மென்ட் என்றும், கன்னடத்தில் 'தண்டு' என்றும் வழங்கிய பகுதியின் நிர்வாகத்தில் அவர் இருந்தார். 1909-ஆம் ஆண்டில் இந்நகரில் மிதிக் சொசைட்டி தோன்றியபோது அதன் முதல் தலைவராக விளங்கியவரும் அவரே. 1918-ஆம் ஆண்டில் வெளியான சேலம் ஜில்லா கெசட்டியரை எழுதியவரும் அவரே என்பது நம்மவர் பலருக்குத் தெரியாத செய்தி. சேலத்துக் குடும்பங்கள் வந்து குடியேறிய பேட்டைகளுக்கு அருகே, சேலத்தின் வரலாற்றை எழுதியவர் பெயரால் ஒரு குடியிருப்பு அமைந்தது தற்செயலே ஆயினும் இனிய தற்செயல்.

கண்டோன்மென்ட் 1809-ஆம் ஆண்டில் தோன்றியது. சென்னைப் பட்டாளத்தோடு சிப்பாய்கள் வந்தனர். அவர்களைத் தொடர்ந்து சரக்கு வணிகர், கொத்தர், தையற்காரர், சமையற்காரர், தோட்டக்காரர் எனத் தமிழ்க் குடும்பங்கள் வந்து நிலைத்தன. இவர்களுக்குத் தொழில் இருந்தது. கோவிலும் மாதாகோவிலும் மசூதியும் இருந்தன. ஆனால் ஆட்சியிற் பேச்சுரிமை இருக்கவில்லை. 1881-ஆம் ஆண்டில் மைசூர் இராஜ்யம் மீண்டும் உடையார் மரபினரிடம் ஒப்படைக்கப்பட்டது. அவ்வாண்டிலேயே பிரதிநிதி சபையும் ஏற்பட்டது. எனினும் கண்டோன்மென்டை ஆங்கிலேயர் தம்மிடமே வைத்துக்கொண்டனர். அது ரெசிடெண்டின் ஆட்சியில் இருந்தது. ஒரே ஊரின் மேற்குப் பாதி மகாராஜாவைச் சேர்ந்தது, கிழக்குப் பாதி ஆங்கில அரசைச் சேர்ந்தது. 1947-இல் கண்டோன்மென்ட் மைசூரிடம் திரும்பி வந்து, 1949-இல் இரு நகரசபைகளும் இணைந்து ஒரே மாநகராட்சி ஆன பின்னரே, இவ்வட்டாரத்துக் குடிமகன் மற்றவரைப் போல் வோட்டுப் போடும் நிலையை எய்தினான்.

வோட்டுரிமை பெற்றபின் இவ்வட்டாரம் எத்தகையோரைத் தேர்ந்தெடுத்தது என்பது கவனிக்கத்தக்கது. பாரதிநகர் என்ற பழைய தொகுதியில் வென்றவர்களுள் மைக்கேல் பெர்னாண்டஸ் ஒருவர். மங்களூர்க் குடும்பத்தவர், ஜார்ஜ் பெர்னாண்டஸின் தம்பி, பெங்களூர்த் தொழிற்சங்க இயக்கத்தில் வளர்ந்தவர். பிற்காலத்தில் அதே தொகுதியில் வென்ற ஜே. அலெக்சாண்டர், கர்நாடக அரசின் தலைமைச் செயலாளராக இருந்து ஓய்வு பெற்றவர், பிறப்பால் கொல்லத்துக்காரர். எஸ். எம். கிருஷ்ணாவின் மந்திரி சபையில் இடம் பெற்றார். இவர்கள் ஒருவரும் இம்மண்ணில் பிறந்தவரல்லர். தமிழும் உருதுவும் தெலுங்கும் கன்னடமும் மலையாளமும் ஒரே சந்தில் பேசப்படும் தொகுதியில், 'எந்த ஊர்?' என்ற கேள்வியால் எவரையும் விலக்கிவிட முடியாது. கேட்பவரும் எங்கிருந்தோ வந்தவரே அன்றோ!

திரு. ஜார்ஜும் அவ்வாறு வந்தவர்தாம். கேளசந்திர ஜோசப் ஜார்ஜ் என்பது முழுப்பெயர். 1949-இல் கேரளத்தின் கோட்டயம் பகுதியிலுள்ள சிங்கவனத்தில் பிறந்தார். குடும்பம் குடகு மலைக்குக் குடிபெயர்ந்தது. காப்பித் தோட்டங்கள் சூழ்ந்த கோணிக்கொப்பலில், 1960-களின் இறுதியில், இளைஞர் காங்கிரசின் தொண்டராகப் பொதுவாழ்வைத் தொடங்கினார். ஊர்க்கிளை, ஜில்லா, மாநிலம் எனப் படிப்படியாகக் கட்சிப் பொறுப்புகளில் உயர்ந்தே அவர் தலைநகருக்கு வந்தார். பிறந்தது ஓரிடம், வளர்ந்தது ஓரிடம், வோட்டுக் கேட்டது மற்றோரிடம். மூன்று ஊர்களை மாற்றிய குடும்பங்கள் நம் சங்கத்திலும் பல உள்ளன. அவ்வாழ்க்கையின் இன்ப துன்பங்களை நாம் விளக்க வேண்டுவதில்லை.

1985-ஆம் ஆண்டுத் தேர்தலில் பாரதிநகரில் அவர் வெற்றி பெற்றார். அவ்வாண்டு இராமகிருஷ்ண ஹெக்டேயின் ஜனதாக் கட்சி கர்நாடகம் முழுவதும் பெருவெற்றி கண்ட ஆண்டு என்பதை நினைவிற் கொண்டால், காங்கிரஸ் அபேட்சகரின் அவ்வெற்றி எத்துணை அரிது என்பது புலப்படும். 1989-இல் காற்று மாறி, 224 இடங்களுள் 178 இடங்களைக் காங்கிரஸ் கைப்பற்றியபோது, அவர் இரண்டாம் முறை சபைக்குச் சென்றார். வீரேந்திர பாட்டீலின் ஆட்சியில் போக்குவரத்து இலாகாவையும், பங்காரப்பாவின் ஆட்சியில் வீட்டுவசதி, நகர அபிவிருத்தி இலாகாவையும் ஏற்றார். நாற்பது வயதை ஒட்டிய காலத்திலேயே மந்திரி பதவி வாய்த்தது.

அதன்பின் வந்தது வனவாசம். 1994 முதல் 2008 வரை அவர் சட்டசபைக்கு வெளியே இருந்தார். பதினான்கு ஆண்டுகள்! இடைப்பட்ட காலத்தில் அலெக்சாண்டர் ஒருமுறை வென்றார். 2004-இல் பாரதீய ஜனதாக் கட்சியின் நிர்மல்குமார் சுராணா வென்றார். அரசியலில் பதினான்கு ஆண்டுகள் வெளியே இருந்தவர் மீண்டும் உள்ளே செல்வது அரிது. தொண்டர்கள் கலைந்துவிடுவர், புதிய முகங்கள் தோன்றிவிடும், வாக்காளர் பாதிப்பேர் வீடு மாறிப் போய்விடுவர். நகரத் தொகுதியில் இக்கடைசிக் காரணம் மிகவும் வலியது. கிராமத்தில் தாத்தாவுக்குச் செய்த உதவியைப் பேரன் நினைவு வைத்திருப்பான். நகரத்திலோ, உதவி பெற்றவர் பதினோராம் மாதம் வாடகை ஒப்பந்தம் முடிந்து வேறு பேட்டைக்குப் போய்விடுகிறார். ஒவ்வொரு தேர்தலிலும் புதிதாக அறிமுகம் செய்துகொள்ள வேண்டியவர் நகரத்து அங்கத்தினர்.

2008-இல் தொகுதிகளின் எல்லைகள் புதிதாக வரையப்பட்டன. 2001-ஆம் ஆண்டு மக்கட்கணக்கை அடிப்படையாகக் கொண்ட அம்மறுசீரமைப்பின்படி சட்டசபைத் தேர்தல் நடத்திய முதல் மாநிலம் கர்நாடகமே. பாரதிநகர் என்ற தொகுதிப் பெயர் மறைந்தது. கண்டோன்மென்டின் வடகிழக்குப் பேட்டைகள் சர்வக்ஞநகர், புலிகேசிநகர் என்னும் இரு புதிய தொகுதிகளுக்குப் பங்கிடப்பட்டன. லிங்கராஜபுரம், கம்மனஹள்ளி, பானஸ்வாடி, மாருதி சேவாநகர் முதலிய பேட்டைகள் சர்வக்ஞநகரில் சேர்ந்தன. பிரேசர் டவுன் என்று நாம் பழகிய புலிகேசிநகரின் பெயரால் அமைந்த மற்றொன்று, தாழ்த்தப்பட்டோருக்கு ஒதுக்கப்பட்ட தொகுதி. எதிரெதிர் வீட்டினர் வெவ்வேறு அங்கத்தினரைத் தேர்ந்தெடுக்கும் நிலை சில தெருக்களில் உண்டாயிற்று.

சர்வக்ஞநகர் என்ற பெயரைப் பற்றி ஒரு சொல் கூறாமல் மேலே செல்ல மனமில்லை. சர்வக்ஞர் மூவடிப் பாக்களால் கன்னட மக்களுக்கு அறம் உரைத்த கவிஞர்; நம் வள்ளுவர் ஈரடியால் உரைத்தது போல. அல்சூர் ஏரிக்கரையருகே 1991-இல் நிறுவிய வள்ளுவர் சிலை பதினெட்டு ஆண்டுகள் துணி மூடிக் கிடந்ததை அன்பர்கள் மறந்திருக்கமாட்டார்கள். 2009 ஆகஸ்டு 9-ஆம் தேதி முதன்மந்திரிகள் எடியூரப்பாவும் கருணாநிதியும் கூடியிருக்க அது திறக்கப்பட்டது. நான்கு நாட்கள் கழித்துச் சென்னை அயனாவரத்தில் சர்வக்ஞர் சிலை திறக்கப்பட்டது. அதற்கு ஓராண்டுக்கு முன்பே நம் தமிழ்க் குடும்பங்கள் பல, சர்வக்ஞர் பெயரால் அமைந்த தொகுதியில் அமைதியாக வோட்டுப் போட்டுவிட்டு வந்திருந்தன.

அப்புதிய தொகுதியில் 2008-இல் திரு. ஜார்ஜ் வென்றார். 2013, 2018, 2023 ஆகிய மூன்று தேர்தல்களிலும் தொடர்ந்து வென்றார். கடைசி இரண்டிலும் வாக்கு வித்தியாசம் ஐம்பதாயிரத்துக்கும் மேல். பாரதிநகரின் இரு வெற்றிகளையும் கூட்டினால் ஆறு முறை சபைக்குச் சென்றவராகிறார்.

2013 மே மாதம் சித்தராமையாவின் மந்திரி சபையில் உள்நாட்டு இலாகா அவரிடம் வந்தது. நகரத்து அங்கத்தினர் ஒருவர் மாநிலத்தின் காவல் துறையை ஏற்பது பெருமைதான்; ஆனால் முள் நிறைந்த ஆசனம். 2015 அக்டோபரில், பாலியற் கொடுமை வழக்கு ஒன்றைக் குறித்து அவர் கூறிய விளக்கம் நாடெங்கும் கண்டனத்துக்கு உள்ளாயிற்று. அக்கண்டனம் நியாயமானதே என்பது நம் எண்ணம். அம்மாத இறுதியில் உள்நாட்டு இலாகா டாக்டர் பரமேஸ்வராவிடம் சென்றது. பெங்களூர் அபிவிருத்தி இலாகா ஜார்ஜிடம் வந்தது. மறு ஆண்டு ஜூலையில், காவல் அதிகாரி ஒருவர் மடிக்கேரியில் உயிரிழந்தார். இறப்பதற்கு முன் அவர் கூறியவற்றில் ஜார்ஜின் பெயரும் இருந்தமையால், வழக்குப் பதியுமாறு நீதிமன்றம் உத்தரவிட்டது. ஜூலை 18-ஆம் தேதி ஜார்ஜ் ராஜிநாமா செய்தார். மாநிலப் புலனாய்வுத் துறை அவர்மீது குற்றம் காணவில்லை என்று அறிக்கை தந்தபின், செப்டம்பர் இறுதியில் மீண்டும் மந்திரியானார். 2017-இல் உச்ச நீதிமன்றம் அவ்வழக்கை மத்தியப் புலனாய்வுத் துறையிடம் ஒப்படைத்தது. 2019-இல் அத்துறையும் வழக்கை முடித்துக்கொள்ளுமாறே அறிக்கை அளித்தது. அதன் பின்னரும் நீதிமன்ற வாதங்கள் எழாமல் இல்லை.

அவர் பதவியின்றி இருந்த அவ்விரண்டு மாத இடைவெளியில்தான், 2016 செப்டம்பர் 12-ஆம் தேதி, காவிரி நீர்ப் பூசல் இந்நகரின் தெருக்களில் தீயாக மூண்டது. தமிழ்நாட்டுப் பதிவெண் கொண்ட பேருந்துகள் எரிந்தன. அன்றிரவு நம் வீடுகளில் எவர் எவரைத் தொலைபேசியில் அழைத்தோம், எந்தக் கதவைத் தட்டினோம் என்பது அவரவர்க்குத் தெரியும். பக்கத்து வீட்டுக் கன்னடக் குடும்பத்தார் பலர் நமக்கு அரணாக நின்றனர் என்பதையும் இங்கே நன்றியோடு பதிவு செய்கிறோம்.

பெங்களூர் அபிவிருத்தி மந்திரியாக அவர் சந்தித்த பெரும் சோதனை எஃகு மேம்பாலம். பசவேஸ்வரா சதுக்கத்திலிருந்து ஹெப்பால் வரை 6.7 கிலோமீட்டர் நீளம். மதிப்பீடு ஏறத்தாழ ரூ. 1,791 கோடி. விமான நிலையத்திற்குச் செல்வோர் விரைந்து செல்லலாம் என்றது அரசு. எண்ணூறுக்கும் மேற்பட்ட மரங்கள் வெட்டுண்ணும் என்றனர் நகரமக்கள். 2016 அக்டோபர் 16-ஆம் தேதி, ஞாயிற்றுக்கிழமை, மக்கள் கை கோத்து அப்பாதை நெடுகச் சங்கிலியாக நின்றனர். அம்மாத இறுதியில் பசுமைத் தீர்ப்பாயம் இடைக்காலத் தடை விதித்தது. பணப் பரிமாற்றம் பற்றிய குற்றச்சாட்டுகளை எதிர்க்கட்சிகள் எழுப்பின. அரசு அவற்றை மறுத்தது. இறுதியில் 2017 மார்ச் 2-ஆம் தேதி, திட்டத்தைக் கைவிடுவதாக ஜார்ஜே அறிவித்தார்.

இந்நிகழ்ச்சியை நாம் சற்று விரித்துக் கூறுவதற்குக் காரணம் உண்டு. ஒரு மந்திரி தாம் விரும்பிய திட்டத்தைத் தாமே திரும்பப் பெறுவது எளிதன்று. அவரைத் திரும்பச் செய்தது தேர்தலன்று. அப்போது தேர்தலுக்கு ஓராண்டுக்கு மேல் இருந்தது. நகரத்தில் வாழ்வோர், தமக்குள் மொழியும் ஊரும் வேறாயினும், ஒரு பொருளின்மீது ஒருங்கே நின்றதே காரணம். அச்சங்கிலியில் நின்றவரும், மறு ஆண்டு அவருக்கே வோட்டளித்து ஐம்பதாயிரத்துக்கு மேற்பட்ட வித்தியாசத்தில் வெல்லச் செய்தவரும் ஒரே நகரத்தார்தாம். இதில் முரண்பாடு ஏதும் இருப்பதாக நமக்குத் தோன்றவில்லை. ஆளை வேண்டுவது வேறு, அவர் கொணரும் ஒவ்வொரு பாலத்தையும் வேண்டுவது வேறு.

அண்டைத் தொகுதியான புலிகேசிநகரின் கதை இதற்கு நேர் மாறானது. அங்கே அகண்ட சீனிவாசமூர்த்தி 2018-இல் 81,000-க்கும் மேற்பட்ட வித்தியாசத்தில், அவ்வாண்டு மாநிலத்திலேயே மிகப் பெரிய வெற்றியை அடைந்தார். 2020 ஆகஸ்டு 11-ஆம் தேதி இரவு, உறவினர் ஒருவரின் சமூக ஊடகப் பதிவு காரணமாக மூண்ட கலவரத்தில் அவர் வீடு தீக்கிரையாயிற்று. 2023-இல் கட்சி அவருக்கு இடம் தரவில்லை. வேறு கட்சியின் சார்பில் நின்று தோற்றார். ஐந்தே ஆண்டுகளில் சிகரமும் பள்ளமும்! நகரத் தொகுதியில் பெருவெற்றி என்பது நெடுநாள் உறுதியன்று.

இனி, நம் வீட்டுக் கதவுக்கு அருகில் வருவோம். சாக்கடை, தெருவிளக்கு, குப்பை இவற்றைக் கவனிக்க வேண்டியவர் உண்மையில் சட்டசபை அங்கத்தினர் அல்லர். அவை மாமன்ற உறுப்பினரின் வேலை. குடிநீரும் கழிவுநீரும் குடிநீர் வாரியத்தைச் சேர்ந்தவை. மின்சாரம் பெஸ்காமைச் சேர்ந்தது. சட்டசபை அங்கத்தினர் சட்டம் இயற்றவும், வரவு செலவை ஆராயவும் அனுப்பப்படுபவர். தொகுதி மேம்பாட்டுக்கென ஆண்டுக்கு 2 கோடி ரூபாய் அவர் பொறுப்பில் உண்டு. லட்சக்கணக்கான மக்கள் வாழும் நகரத் தொகுதிக்கு அது யானைப் பசிக்குச் சோளப்பொரி. ஆனால் 2020 செப்டம்பரில் மாமன்றத்தின் ஆயுள் முடிந்தபின் நடக்க வேண்டிய தேர்தல் நடக்கவில்லை. 2025 செப்டம்பரில் மாநகராட்சியை ஐந்தாகப் பிரித்தபோதும் மக்கள் தேர்ந்தெடுத்த மாமன்றம் இருக்கவில்லை. ஐந்து ஆண்டுகள், தெருவுக்குப் பொறுப்பான பிரதிநிதி இல்லாமற் போகவே, காத்தா முதல் சாக்கடை மூடி வரை எல்லா மனுக்களும் சட்டசபை அங்கத்தினர் அலுவலகத்தின் மேசையில் குவிந்தன. அவரோ மந்திரியும் ஆனால், வாரத்தின் பாதி நாட்கள் விதான சௌதாவிலும், மீதி நாட்கள் பிற ஜில்லாக்களிலும் கழியும்.

சிங்கப்பூரில் உறவினர் உடையவர்கள் அறிவார்கள்: அங்கே நாடாளுமன்ற உறுப்பினர் வாரந்தோறும் ஓர் இரவு தொகுதி மக்களைச் சந்தித்து மனுப் பெறுவது 1950-களில் டேவிட் மார்ஷல் காலத்தில் தோன்றி இன்றளவும் நிலைத்த வழக்கம். நாளும் நேரமும் எல்லார்க்கும் தெரியும். அத்தகைய நிலையான ஏற்பாடு ஒன்று நம் நகரத் தொகுதிகளில் ஏற்பட வேண்டும் என்று கேட்பது மிகையாகாது.

2023 மே 20-ஆம் தேதி முதன்மந்திரியோடு பதவியேற்ற முதல் எண்மருள் ஜார்ஜும் ஒருவர். அவர் பெற்ற மின்சார இலாகா நம்மைப் போன்ற வாடகைக் குடும்பங்களை நேரே தொடுவது. அவ்வாண்டு ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த 'கிருக ஜோதி' திட்டத்தில், மாதம் 200 யூனிட் வரை, முந்தைய ஆண்டுச் சராசரியைச் சிறிதே மிஞ்சிய அளவுக்குள் மின்சாரம் செலவழிக்கும் வீட்டுக்குக் கட்டணம் இல்லை. வாடகைக்கு இருப்போரும் சேவாசிந்து வழியே விண்ணப்பிக்கலாம். எனினும், 'இது வீட்டுக்காரருக்கு உரியது. நமக்கு எப்படி வரும்?' என்று எண்ணி விண்ணப்பிக்காமலே இருந்த தமிழ்க் குடும்பங்களை நாம் அறிவோம். வீடு மாறுவோர் பழைய மீட்டரிலிருந்து தம் ஆதார் எண்ணை விடுவித்துப் புதிய வீட்டில் இணைத்துக்கொள்ளவும் பின்னர் வழி செய்யப்பட்டது.

உரிமை இருந்தும் கேளாதிருப்பது மின்சாரத்தோடு நிற்கவில்லை. சாவடிப் பட்டியலிலும் அதே கதை. வோட்டை ஊரிலேயே வைத்துக்கொண்டு, பொங்கலுக்குச் செல்வது போல் தேர்தலுக்கும் செல்வோர் நம்மில் மிகப் பலர். இரண்டு இடங்களில் பெயர் வைத்திருப்பது சட்டப்படி தவறு. ஒன்றைத் தேர்ந்தே ஆகவேண்டும். நிலமும் முதிய பெற்றோரும் ஊரில் இருக்க, இன்னும் சில ஆண்டுகளில் திரும்பிவிடும் எண்ணம் உடையவர் ஊர் வோட்டை வைத்துக்கொள்வதில் பொருள் உண்டு. பிள்ளைகள் இங்கே பள்ளியிற் படித்து, இங்கேயே வேலை தேடும் குடும்பம் அவ்வாறு செய்வதை நாம் வேறுவிதமாகவே காண்கிறோம். வாயிலில் வந்து நிற்கும் அபேட்சகரின் தொண்டர், கையிலுள்ள பட்டியலில் வீட்டு எண்ணைப் பார்க்கிறார். பெயர் இல்லையெனில் வணங்கிவிட்டு அடுத்த வாயிலுக்குப் போய்விடுகிறார். அவர்மீது கோபம் கொள்ள நமக்கு நியாயம் இல்லை.

ஊர்த் தொகுதியிலிருந்து பெயரை இங்கே மாற்றிக்கொள்ளப் படிவம் 8. முதன்முறையாகப் பெயர் சேர்க்கப் படிவம் 6. வீட்டு முகவரிக்குச் சான்றாகப் பதிவு செய்த வாடகை ஒப்பந்தமும் செல்லும். பதினெட்டு வயது நிறைவதைக் கணக்கிட முன்பு ஜனவரி முதல் தேதி ஒன்றே இருந்தது. இப்போது ஏப்ரல், ஜூலை, அக்டோபர் மாதங்களின் முதல் தேதிகளும் சேர்ந்துள்ளன. படிவத்தைச் சாவடி அலுவலரிடம் நேரிலும் கொடுக்கலாம். அவர் பெரும்பாலும் அருகிலுள்ள அரசுப் பள்ளி ஆசிரியராகவோ அங்கன்வாடிப் பணியாளராகவோ இருப்பார்; மாலை வேளையில் பள்ளியில் விசாரித்தால் தெரிந்துவிடும்.